ஏரி போனது, கலங்கல் மிச்சம்

2021 நவம்பர் 7, ஞாயிற்றுக்கிழமை விடியற்காலை. தீபாவளி முடிந்து மூன்று நாள்தான் ஆகியிருந்தது. மேற்கு மாம்பலத்தில் நான் அப்போது குடியிருந்த தரைத்தள வீட்டுக்குள் தண்ணீர் வந்தது. வாசல் வழியாக அல்ல, குளியலறை மூலையில் இருக்கும் சல்லடை மூடியைத் தள்ளிக்கொண்டு வந்தது. முதலில் தொண்டைக்குள் எதுவோ சிக்கியதுபோல ஒரு சத்தம். பிறகு சோப்பு நுரையும் கறுப்புத் தண்ணீருமாகக் கொப்பளித்து, கூடத்துத் தரையில் மெதுவாகப் பரவியது. பக்கத்து வீட்டு மாமி மாடிப்படியில் நின்று டார்ச் அடித்துப் பார்த்தார். “தெருவுல இன்னும் கணுக்கால் அளவுகூட இல்லையேப்பா, உள்ளே எப்படி வந்தது?” என்று கேட்டார்.

அந்தக் கேள்விதான் என்னை அடுத்த சில மாதங்கள் ஒரு கால்வாயின் கரையோரமாக நடக்க வைத்தது.

விடை எளிமையானது. தெருவில் விழும் மழை வடிகாலுக்குப் போகிறது, வடிகால் கால்வாய்க்குப் போகிறது, கால்வாய் ஆற்றுக்குப் போகிறது. கால்வாயில் இடமில்லை என்றால் தண்ணீர் வந்த வழியே திரும்பும். திரும்பும்போது எந்த வாய் தாழ்வாக இருக்கிறதோ அதில்தான் முதலில் தலைகாட்டும். எங்கள் பகுதியில் மழைநீர் வடிகாலும் வீட்டுக் கழிவுநீர்க் குழாயும் எங்கெங்கோ கள்ளத்தனமாக ஒன்றோடொன்று இணைந்து கிடக்கின்றன. அன்றைக்கு அந்தத் தாழ்வான வாய் என் வீட்டுக் குளியலறையாக இருந்தது.

அன்று காலை எட்டரை மணியோடு முடிந்த 24 மணி நேரத்தில் நுங்கம்பாக்கத்தில் பதிவான மழை 21 சென்டிமீட்டருக்கு மேல். இந்த எண்ணை நாம் செய்தியில் கேட்கிறோம், தலையை ஆட்டுகிறோம், மறந்துவிடுகிறோம். ஒருமுறை கணக்குப் போட்டுப் பார்க்க வேண்டும். ஒரு சதுர கிலோமீட்டர் பரப்பில் ஒரு சென்டிமீட்டர் மழை பெய்தால் விழுவது ஒரு கோடி லிட்டர். 21 சென்டிமீட்டர் என்றால் 21 கோடி லிட்டர். வெயில் காலத்தில் நம் தெருவுக்கு வரும் 12,000 லிட்டர் தண்ணீர் லாரியில் அளந்தால் 17,500 லாரி. இது ஒரே ஒரு சதுர கிலோமீட்டருக்கு. தியாகராய நகரும் மாம்பலமும் அதைவிடப் பல மடங்கு பெரியவை. அவ்வளவு தண்ணீரில் பெரும்பகுதி ஒரே ஒரு வழியாகத்தான் வெளியேறியாக வேண்டும். அந்த வழியின் பெயர் மாம்பலம் கால்வாய்.

தியாகராய நகருக்குத் துணி எடுக்க, நகை வாங்க வருகிற லட்சக்கணக்கானவர்களில் பெரும்பாலோர் இந்தக் கால்வாயைப் பார்த்திருக்க மாட்டார்கள். பார்த்திருந்தாலும், மூக்கைப் பொத்திக்கொண்டு ஒரு பாலத்தைத் தாண்டியதாகத்தான் நினைவிருக்கும். வள்ளுவர் கோட்டத்தின் பக்கம் தொடங்கி, வீடுகளுக்கும் கடைகளுக்கும் பின்புறமாக நுழைந்து, தணிகாசலம் சாலை, வெங்கட்நாராயணா சாலை எனக் கடந்து, நந்தனம் பக்கம் அடையாற்றில் சேர்கிறது. மொத்த நீளம் ஐந்தரை கிலோமீட்டர் சொச்சம். காலை நடைப்பயிற்சி போகிறவர் ஒன்றரை மணி நேரத்தில் முடித்துவிடலாம், கரை இருந்தால். ஆனால், கரை கிடையாது. ஒரு பக்கம் சுற்றுச்சுவர், இன்னொரு பக்கம் அடுக்குமாடியின் கார் நிறுத்துமிடம், அடுத்தாற்போல் மாநகராட்சிக் கட்டிடம், அதற்கடுத்து ஒரு தகரக் கொட்டகை. கால்வாயைத் தொடர்ந்து நடக்க முடியாது. ஒவ்வொரு தெருவாகச் சுற்றிப் போய், பாலத்துக்குப் பாலம் எட்டிப்பார்த்துத்தான் அதன் போக்கைப் பிடிக்க வேண்டியிருக்கிறது.

நெடிய ஏரி

இன்றைய அண்ணா சாலைக்கு மேற்கே, நுங்கம்பாக்கத்திலிருந்து சைதாப்பேட்டைப் பக்கம்வரை ஒரு ஏரி நீண்டு கிடந்தது. ஆங்கிலேயர் வரைந்த பழைய நிலப்படங்களில் அதன் பெயர் லாங் டேங்க். நெடிய ஏரி என்று தமிழில் சொல்லலாம். வடக்குத் துண்டை நுங்கம்பாக்கம் ஏரி என்றும், தெற்கே விரிந்த பகுதியை மயிலாப்பூர் ஏரி, மாம்பலம் ஏரி என்றும் சொல்லியிருக்கிறார்கள். தொண்டை மண்டலத்து ஏரிகள் பெரும்பாலும் இப்படித்தான் அமைந்திருக்கும். நிலம் மேற்கிலிருந்து கடலை நோக்கிச் சரிகிறது. மேற்கே வரத்துக்கால், கிழக்கே கரை, கரையில் மதகு, மதகுக்குக் கீழே வயல். ஏரி நிறைந்தால் மிச்சத் தண்ணீர் கரையை உடைக்காமல் வெளியேறுவதற்கு ஓர் ஓரத்தில் தாழ்வாகக் கட்டிய கலங்கல். பாண்டிய நாட்டில் அதைக் கலுங்கு என்பார்கள், அதில் தண்ணீர் வழிவதை மறுகால் பாய்வது என்பார்கள். அந்தக் காட்சியைப் பார்க்க ஊரே திரளும்.

ஏரி வெட்டியவர்களின் அறிவு முழுவதும் இந்தக் கலங்கலில்தான் இருக்கிறது என்பது என் எண்ணம். கரையை உயர்த்துவது உடல் உழைப்பு. கலங்கலை எந்த உயரத்தில், எவ்வளவு அகலத்தில் வைப்பது என்பதுதான் கணக்கு. ஏரிக்கு எவ்வளவு தண்ணீர் வரும், எவ்வளவு நிற்கும், மிச்சம் எவ்வளவு வேகத்தில் போக வேண்டும் என்று தெரிந்தவன்தான் கலங்கல் கட்ட முடியும்.

நெடிய ஏரிக்கு மிச்சம் இருப்பவை பெயர்கள். மேற்கு மாம்பலத்தில் லேக் வியூ ரோடு இருக்கிறது. அந்தச் சாலையில் நின்றால் ஏரி தெரிந்த காலம் ஒன்று உண்டு. நுங்கம்பாக்கத்தில் ஒரு பகுதியை இன்றைக்கும் லேக் ஏரியா என்றுதான் ஆட்டோக்காரர்கள் அடையாளம் சொல்கிறார்கள். அடையாற்றின் மேல் சைதாப்பேட்டையில் இருக்கும் மறைமலை அடிகள் பாலத்துக்கு முன்பு இருந்த பெயர் மார்மலாங் பாலம். 18-ஆம் நூற்றாண்டின் முற்பகுதியில் கோஜா பெட்ரஸ் உஸ்கான் என்ற ஆர்மீனிய வணிகர் தன் சொந்தப் பணத்தில் கட்டியது. பரங்கிமலைக்குப் படிக்கட்டு அமைத்தவரும் அவரே. மாம்பலம் என்ற பெயர் ஐரோப்பியர் நாவில் புரண்டு மார்மலாங் ஆனது. ஆற்றுப் பாலத்துக்கே பெயர் கொடுக்கும் அளவுக்கு மாம்பலம் என்ற கிராமம் அன்றைக்கு ஆற்றோடும் தண்ணீரோடும் சேர்த்தே நினைக்கப்பட்டிருக்கிறது. உஸ்கான் கட்டிய பாலம் இன்றில்லை. 1960களில் புதுப்பாலம் வந்தது, பெயரும் மாறியது.

ஏரியைத் தூர்த்தவர்களைத் திட்டிவிட்டுப் போவது சுலபம். எனக்கு அதில் உடன்பாடில்லை. 1872-இல் புழல் ஏரித் தண்ணீர் நகருக்கு வரத் தொடங்கிய பிறகு உள்ளூர் ஏரிகளைக் குடிநீருக்கு நம்பியிருக்கும் நிலை குறைந்துபோனது. வயல்கள் மனைகளாகிக்கொண்டிருந்தன. வேலை தேடி வருகிறவர்களுக்கு நகருக்குள் குடியிருக்க இடமில்லை. 1920-இல் சென்னை நகரமைப்புச் சட்டம் வந்தது. 1923 முதல் ஏரியின் தண்ணீரை வடித்துவிட்டு, அதன் படுகையில் புதிய குடியிருப்பை எழுப்பத் தொடங்கினார்கள். அன்றைய நீதிக்கட்சி ஆட்சியின் காலம் அது. அதனால்தான் தியாகராய நகர் என்ற பெயர் பிட்டி தியாகராயரை நினைவூட்டுகிறது, நடுவில் இருக்கும் பூங்கா 1921 முதல் 1926 வரை முதலமைச்சராக இருந்த பனகல் அரசரை நினைவூட்டுகிறது. உஸ்மான் சாலை, டாக்டர் நாயர் சாலை, நடேசன் பூங்கா, சௌந்தரபாண்டியனார் அங்காடி என்று ஒரு கட்சியின் வரலாறே அந்த ஏரிப் படுகையில் தெருப் பெயர்களாக எழுதப்பட்டிருக்கிறது. சௌந்தரபாண்டியனார் பெயர்தான் வாய்வழக்கில் பாண்டி பஜார் ஆனது என்பார்கள்.

மனம்போன போக்கில் போட்ட குடியிருப்பும் அல்ல அது. நடுவில் பூங்கா, பூங்காவிலிருந்து பிரியும் சாலைகள், அங்கங்கே மைதானம், தோட்டத்தோடு கூடிய வீடுகள். அன்றைய தோட்ட வீட்டு மனையில் விழுந்த மழையில் கணிசமான பங்கு அந்த மனையிலேயே இறங்கியிருக்கும். கிணறு இல்லாத வீடே அந்தக் காலத்துத் தியாகராய நகரில் அபூர்வம் என்று பழைய குடியிருப்பாளர்கள் சொல்லக் கேட்டிருக்கிறேன். ஏரியை அழித்தார்கள், ஆனால் ஏரி செய்த வேலையில் ஒரு பங்கை நூற்றுக்கணக்கான தோட்டங்கள் செய்துகொண்டிருந்தன. அந்தத் தோட்டங்களை அழித்தது யார் என்று கேட்டால் விரல் நம் பக்கம் திரும்பும். ஒரு வீடு இருந்த இடத்தில் பன்னிரண்டு வீடுகள், பன்னிரண்டு கார்களுக்குக் காங்கிரீட் தரை, மீதியிருந்த மண்ணுக்குச் சிமென்ட் கல். கடைத்தெருவில் ஒரு கை மண்கூடப் பார்க்க முடியாது. 1970களில் நுங்கம்பாக்கம் பக்கம் மிஞ்சியிருந்த படுகையில் வள்ளுவர் கோட்டம் எழுந்தது. 1976-இல் அது திறக்கப்பட்டபோது, நெடிய ஏரியின் வடமுனை முழுசாக மறைந்துவிட்டது.

மறையாதது ஒன்று உண்டு. ஏரிப் படுகையின் தாழ்வு. மேலே எத்தனை லாரி மண் கொட்டினாலும், சுற்று வட்டாரத்தைவிட அது தாழ்ந்த நிலம்தான். மேற்கிலிருந்து வரும் தண்ணீருக்கு ஏரி போன செய்தி தெரியாது. அது பழையபடி வருகிறது. மழை பெய்தால் துரைசாமி சுரங்கப்பாதையும் அரங்கநாதன் சுரங்கப்பாதையும் முதலில் மூடப்படுவதை நாம் ஆண்டுதோறும் பார்க்கிறோம். அந்தப் பள்ளத்தின் நடுவில், வந்த தண்ணீரை அடையாற்றுக்குக் கொண்டுபோய்ச் சேர்ப்பதற்கென்று விடப்பட்டிருக்கும் ஒரே வழிதான் மாம்பலம் கால்வாய். ஆவணத்தில் அதற்கு என்ன பெயர் வேண்டுமானாலும் இருக்கட்டும். செய்யும் வேலையை வைத்துச் சொன்னால், அது கலங்கல். ஏரியை எடுத்துக்கொண்டோம், அதன் கலங்கலை மட்டும் விட்டுவைத்தோம். விட்டுவைத்ததையும் சாக்கடை என்று பெயர் மாற்றிவிட்டோம்.

பெயரில் இருக்கிறது

சாக்கடை என்று சொல்லிவிட்டால் அதை மூடலாம், சுருக்கலாம், அதில் எதையும் கொட்டலாம். கலங்கல் என்று சொன்னால் அகலத்தைக் கேட்க வேண்டிவரும். எவ்வளவு தண்ணீருக்கு எவ்வளவு வழி என்ற கணக்கைக் கேட்க வேண்டிவரும். நம் பொறியாளர்களிடம் அந்தக் கணக்கு இல்லாமல் இல்லை. ஆனால் கால்வாயைப் பற்றி முடிவெடுக்கும் மேசையில் பேசப்படுவது பெரும்பாலும் நாற்றம், கொசு, அழகு இவை மூன்றும்தான். நாற்றத்துக்கும் கொசுவுக்கும் தீர்வு என்று மூடுகிறார்கள். அழகுக்குத் தீர்வு என்று சுவரில் ஓவியம் வரைகிறார்கள். மூடிய கால்வாயில் சகதி எவ்வளவு ஏறியிருக்கிறது என்பதை மேலேயிருந்து யாராலும் பார்க்க முடியாது.

சீர்மிகு நகரத் திட்டத்துக்குச் சென்னையில் தேர்ந்தெடுக்கப்பட்ட பகுதி தியாகராய நகர். 2019-இல் பாண்டி பஜாரின் நடைபாதை வளாகம் திறக்கப்பட்டபோது நானும் மகிழ்ந்தவன்தான். நடப்பதற்கு மரியாதை கிடைத்த இடம் அது. கால்வாயைச் சீரமைக்கும் வேலையும் அதே திட்டத்தில் நடந்துகொண்டிருந்தது. வேலை பாதியில் நிற்க, மழைக்காலம் வந்துவிட்டது. 2021 நவம்பரில் தியாகராய நகர் மூழ்கியபோது, கால்வாய்க்குள் கிடந்த கட்டுமான இடிபாடுகள் நீரோட்டத்தை மறித்தது பெரிய பேச்சாக இருந்தது. அதைத் தொடர்ந்து ஓய்வுபெற்ற ஐஏஎஸ் அதிகாரி வெ. திருப்புகழ் தலைமையில் குழு அமைக்கப்பட்டு, நகரம் முழுக்க வடிகால் வேலைகள் நடந்தன. பல தெருக்களில் அதன் பலனும் தெரிந்தது. என் குறை வேறு. தெரு வடிகால்களை எவ்வளவு பெரிதாகக் கட்டினாலும், அவையெல்லாம் கடைசியில் வந்து சேரும் கால்வாய் அதே அகலத்தில் இருந்தால், தண்ணீரை விரைவாகக் கொண்டுவந்து ஒரே இடத்தில் குவித்ததாகத்தான் ஆகும்.

கால்வாயை நான் கிட்டத்தில் பார்த்தது ஒரு செப்டம்பரில். பாலம் ஒன்றின் அருகே தூர் வாரிக்கொண்டிருந்தார்கள். பொக்லைன் நுழைய முடியாத இடம் என்பதால் நாலைந்து பேர் இறங்கியிருந்தார்கள். கரையில் நின்ற ஒருவரிடம், “எவ்வளவு ஆழம்ண்ணே இருக்கும்?” என்று கேட்டேன். அவர் பதில் சொல்லாமல் கையிலிருந்த மூங்கிலை இறக்கினார். ஒரு முழம் போனதும் தயங்கியது. பிறகு அவர் தோளைக் கொடுத்து அழுத்த அழுத்த, மூங்கில் சத்தமில்லாமல் இறங்கிக்கொண்டே போனது. வெளியே எடுத்துக் காட்டினார். நுனியிலிருந்து முக்கால்வாசி மூங்கில் தார் பூசியது மாதிரி கறுத்திருந்தது. மேலே கொஞ்சம் மட்டும் ஈரம். “இவ்ளோதான் சார் தண்ணி. மிச்சமெல்லாம் சேறு. மேல நின்னு பாத்தா ரொம்பி ஓடுற மாதிரிதான் தெரியும்” என்றார்.

அவர்கள் அள்ளிப் போட்டதை ஒவ்வொன்றாகப் பார்த்துக்கொண்டு நின்றேன். துணிக்கடைப் பைகள் ஒன்றன்மேல் ஒன்றாக ஒட்டிப் பாய்போல் வந்தன. ஒரு தலையணை, தெர்மாகோல் துண்டுகள், இளநீர்க் கூடுகள், ஒரு குழந்தையின் மூன்று சக்கர வண்டி. உடைந்த தரை ஓடுகள் மூட்டை மூட்டையாக வந்தன. யாரோ வீட்டைப் புதுப்பித்திருக்கிறார்கள், இரவோடு இரவாகக் கொண்டுவந்து கொட்டியிருக்கிறார்கள். வாரிய சேற்றை உலரவிட்டு எடுப்பது வழக்கமாம், அதனால் சுவரோரமாகக் குவித்து வைத்தார்கள். இரண்டாம் நாள் இரவு மழை பெய்தது. மூன்றாம் நாள் நான் போனபோது குவியலில் பாதி இல்லை. லாரி வந்ததா என்று கேட்டேன். அதே மனிதர் கால்வாயைக் காட்டினார். “திரும்ப எறங்கணும் சார்” என்றார். கையுறை ஒன்று மட்டும் போட்டிருந்தார், இன்னொரு கை வெறுங்கை.

ஒரே தண்ணீருக்கு இங்கே எத்தனை பொறுப்பாளர்கள் என்று பாருங்கள். மழைநீர் வடிகால் மாநகராட்சியிடம். கழிவுநீர் குடிநீர் வாரியத்திடம். கால்வாய் போய்ச் சேரும் அடையாறு நீர்வளத் துறையிடம். தண்டவாளத்துக்கு அடியில் தண்ணீர் கடக்கும் பாலங்கள் ரயில்வேயிடம். கால்வாயில் கழிவுநீர் ஏன் வருகிறது என்று நான் ஓர் அலுவலகத்தில் கேட்டபோது, அது இன்னோர் அலுவலகத்தின் கேள்வி என்றார்கள். அந்த இன்னோர் அலுவலகத்தில், இணைப்பு மழைநீர் வடிகாலில் இருப்பதால் முதல் அலுவலகத்தைத்தான் கேட்க வேண்டும் என்றார்கள். இருவரும் மரியாதையாகத்தான் பேசினார்கள், அவரவர் விதிப்புத்தகத்தின்படி இருவருமே சரி. பழைய ஏரிக்கு வரத்துக்காலிலிருந்து கலங்கல்வரை பார்த்துக்கொள்ள ஊரில் ஓர் ஆள் இருந்தார். பல ஊர்களில் அவரை நீர்க்கட்டி, நீராணிக்கம் என்றெல்லாம் அழைத்தார்கள். அந்த ஒரு வேலை இன்று நான்காகப் பிரிந்து கிடக்கிறது.

சோல் நகரமும் நாமும்

கூவம், ஓட்டேரி, மாம்பலம் என்று சென்னையின் எந்த நீர்வழியைப் பற்றிப் பேச்சு வந்தாலும் தென்கொரியத் தலைநகர் சோலின் சொங்க்யேசொன் ஓடையை உதாரணம் காட்டுவது வழக்கமாகிவிட்டது. நல்ல உதாரணம்தான், முழுசாகச் சொன்னால். நகரின் நடுவில் ஓடிய அந்த ஓடையை 1950களின் இறுதியிலிருந்து காங்கிரீட் போட்டு மூடினார்கள், அதன்மேல் மேம்பாலச் சாலையும் கட்டினார்கள். 2003-இல் மேம்பாலத்தை இடிக்கத் தொடங்கி, 2005 அக்டோபரில் 5.8 கிலோமீட்டர் ஓடையை மக்களுக்குத் திறந்தார்கள். ஏறக்குறைய நம் மாம்பலம் கால்வாயின் நீளம். பரபரப்பான ஒரு மேம்பாலத்தை இடித்துவிட்டுத் தண்ணீருக்கு வழிவிட்ட துணிச்சல் வணங்கத்தக்கது.

ஆனால் அங்கே இன்றைக்கு ஓடும் தண்ணீரில் பெரும்பகுதி ஹான் ஆற்றிலிருந்து பம்ப் வைத்துக் கொண்டுவரப்படுவது, நாளொன்றுக்கு ஒரு லட்சம் டன்னுக்கும் மேல். அந்த ஓடையின் சிக்கல் தண்ணீர் வற்றிப்போனது. நம் கால்வாயின் சிக்கல் நேர் எதிரானது. நமக்கு நவம்பரில் வரும் தண்ணீருக்கு இடம் வேண்டும், மற்ற மாதங்களில் வரும் கழிவுநீரை நிறுத்த வேண்டும். சோலிலிருந்து எடுத்துக்கொள்ள வேண்டியது மூடியைத் திறந்த முடிவை. விளக்குகளையும் நீரூற்றுகளையும் அல்ல. நம் அதிகாரிகள் அங்கே போய்வந்து காட்டும் படங்களில் விளக்குகள்தான் அதிகம் இருக்கின்றன என்பது என் கவலை.

இன்னொரு கவலையையும் சொல்லிவிட வேண்டும். கால்வாய் அகலப்படுத்துவது என்ற பேச்சு எழுந்தவுடன் முதலில் நோட்டீஸ் போவது கரையோரக் குடிசைகளுக்கு. 2015 டிசம்பர் வெள்ளத்துக்குப் பிறகு அடையாற்றின், கூவத்தின் கரைகளிலிருந்து பல ஆயிரம் குடும்பங்கள் நகரின் தென் எல்லையில் இருக்கும் பெரும்பாக்கத்துக்கு அனுப்பப்பட்டன. பெரும்பாக்கம் பள்ளிக்கரணைச் சதுப்பு நிலத்தை ஒட்டிய பகுதி. மழைக்காலத்தில் அங்கும் தண்ணீர் நிற்கிறது. வீட்டு வேலைக்கும் கடை வேலைக்கும் தியாகராய நகருக்கே திரும்பி வருகிற பெண்கள் விடியற்காலைப் பேருந்துகளில் தூங்கிக்கொண்டே வருவதை நான் பார்த்திருக்கிறேன். அவர்களின் குடிசைகளை எடுத்த பிறகும் கால்வாயின் அகலம் கூடவில்லை என்றால், ஆக்கிரமிப்பு வேறெங்கோ இருக்கிறது என்றுதானே பொருள்? சுற்றுச்சுவரைக் கால்வாய்க்குள் இரண்டடி தள்ளிக் கட்டிய அடுக்குமாடிக்கும், கால்வாய் ஓரத்தில் எழுந்த அரசுக் கட்டிடத்துக்கும் அதே நோட்டீஸ் போக வேண்டும். ஏரிக்குள் வீடு கட்டிக் குடியிருப்பவர்களில் நானும் ஒருவன். அடுத்தவரை மட்டும் ஆக்கிரமிப்பாளர் என்று சொல்ல எனக்கு வாய் வரவில்லை.

இடம் கொடுப்பது எப்படி

முதலில் அளக்க வேண்டும். கால்வாயின் அசல் அகலம் நில அளவை ஆவணங்களில் இருக்கிறது. தொடக்கத்திலிருந்து அடையாறுவரை அதை அளந்து, கல் நட்டு, ஒவ்வொரு பாலத்திலும் ஆவணத்தில் இத்தனை அடி, இப்போது இத்தனை அடி என்று எழுதிவைக்கட்டும். இதற்குப் பெரிய பணம் தேவையில்லை. ஊர் பார்க்கிற மாதிரி எழுதிவைத்துவிட்டால் பாதி வேலை முடிந்த மாதிரி.

அடுத்தது, மழைக்குத் தங்குமிடம். ஏரியைத் திரும்பக் கொண்டுவர முடியாது. ஆனால் ஏரி செய்த வேலையைத் துண்டு துண்டாகச் செய்யலாம். பனகல் பூங்கா, நடேசன் பூங்கா, சோமசுந்தரம் மைதானம் போன்ற திறந்தவெளிகள் ஏரிப் படுகையிலும் அதையொட்டியும் இன்னும் இருக்கின்றன. மைதானத்தை இரண்டு மூன்றடி தாழ்த்தி வைத்தால் ஆண்டில் 350 நாள் பிள்ளைகள் விளையாடலாம், மிச்ச நாள்களில் தண்ணீர் அங்கே ஓர் இரவு தங்கிப் போகலாம். பெருமழையின்போது நம் கால்வாயை உடைப்பது தண்ணீரின் மொத்த அளவைவிட, அது எல்லாப் பக்கத்திலிருந்தும் ஒரே மணி நேரத்தில் வந்து சேர்வதுதான். கொஞ்சத்தைக் கொஞ்ச நேரம் நிறுத்திவைத்தாலே கால்வாய் மூச்சு விடும். சென்னையில் இது புதிய யோசனையும் அல்ல. மாநகராட்சி பல பூங்காக்களில் மழைநீரை உறிஞ்சும் குளங்களை அமைத்திருக்கிறது. கிண்டியில் குதிரைப் பந்தய மைதானத்தின் நிலத்தை 2024-இல் அரசு திரும்ப எடுத்துக்கொண்டு அங்கே குளங்கள் வெட்டியது. கிண்டியில் முடிந்தது தியாகராய நகரில் ஏன் முடியாது?

கழிவுநீரைப் பற்றித் தனியாகச் சொல்ல வேண்டும். கால்வாயில் மழைக்காலம் தவிர மற்ற நாள்களில் ஓடுவது முழுக்க நம் வீட்டுத் தண்ணீர், நம் கடைத்தெருவின் தண்ணீர். அதை நிறுத்தாமல் தூர் வாருவதால் பயன் கொஞ்சம்தான். சேறு உட்கார்வதற்கு அதுதான் காரணம். நாற்றத்துக்கும் அதுதான் காரணம். அதனால்தான் கால்வாயை மூடச் சொல்லிக் குடியிருப்பாளர்களே மனு கொடுக்கிறார்கள். ஒவ்வொரு வடிகால் வாயிலும் மழையில்லாத ஒரு நாளில் தண்ணீர் வருகிறதா என்று பார்த்தால் போதும். வந்தால் அது கழிவுநீர், அதன் வழியே பின்னால் போனால் இணைப்பு எந்தக் கட்டிடத்துடையது என்று தெரிந்துவிடும். ஒரு கோடைக்காலம் போதுமான வேலை இது.

கடைசியில் அடையாறு. கால்வாயை எவ்வளவு அகலப்படுத்தினாலும், ஆறு நிறைந்து ஓடும்போது கால்வாய்த் தண்ணீர் உள்ளே நுழைய முடியாது. 2015 டிசம்பர் 1 இரவில் நடந்தது அதுதான். ஆற்று வெள்ளம் கால்வாய்கள் வழியாகவே குடியிருப்புகளுக்குள் எதிரேறி வந்தது. முகத்துவாரத்தில் மணல்திட்டு சேர்ந்திருந்தாலும், கடல் ஏற்றத்தில் இருந்தாலும் இதே கதை. அப்படிப்பட்ட நாள்களில் மாம்பலத்துத் தண்ணீர் மாம்பலத்திலேயே சில மணி நேரம் காத்திருந்தாக வேண்டும். காத்திருப்பதற்கு இடம் இருந்தால் தெருவும் வீடும் தப்பும்.

பனகல் பூங்காவில் மெட்ரோ சுரங்க நிலையத்துக்குத் தோண்டத் தொடங்கிய சமயம் ஒரு நாள் மாலை அந்த வழியாக வந்தேன். லாரியிலிருந்து சிதறிய மண் சாலையோரம் கிடந்தது. தகரத் தடுப்புக்குப் பக்கத்தில் பூ விற்கிற அம்மா, கூடையை எடுத்து ஓரமாக வைத்துக்கொண்டிருந்தார். நான் குனிந்து பார்ப்பதைக் கவனித்து, “ஏரி மண்ணுப்பா அது. தொட்டிச் செடிக்கு நல்லது, வேணும்னா எடுத்துட்டுப் போ” என்றார். பூ கட்டித் தருகிற வாழையிலையில் ஓர் உருண்டை எடுத்துவந்தேன். கரும்பழுப்புக் களிமண், விரலில் வழவழவென்று ஒட்டியது. வீட்டில் ஒரு பழைய தொட்டியின் அடியில் அதைப் பரப்பி, மேலே சாதாரண மண் போட்டுத் துளசி வைத்தேன். மற்ற தொட்டிகளுக்குத் தினமும் தண்ணீர் ஊற்றுகிறேன். அதற்கு இரண்டு நாளைக்கு ஒருமுறை ஊற்றினால் போதுமாக இருக்கிறது.